மூச்சில் கலோரி: கருவி அளப்பது எதை?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உடற்பயிற்சிக் கூடங்களில் மூச்சுக்காற்றைச் சோதித்துக் கலோரிச் செலவைச் சொல்வது பற்றித் தங்கள் நாளிதழில் வந்த கட்டுரையில், கருவி 'கலோரியை அளக்கிறது' என்றிருந்தது. வெளிவிடும் காற்றின் கனஅளவு, அதில் ஆக்சிஜன் எத்தனை சதவீதம், கார்பன் டை ஆக்சைடு எத்தனை சதவீதம்: கருவி அளப்பது இவ்வளவுதான். மிச்சமெல்லாம் கணக்கு: உணவை எரிக்க உடல் எவ்வளவு ஆக்சிஜன் எடுத்தது, எவ்வளவு கார்பன் டை ஆக்சைடு விட்டது என்பதை வைத்துக் கலோரியைக் கணக்கிடுகிறார்கள். அது எங்கே சறுக்கும் என்பது, காசு கொடுத்துச் சோதித்துக்கொள்பவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பழைய டக்ளஸ் பை முறையில் எல்லாம் கண்ணுக்குத் தெரியும் என்பதால் அதையே எடுத்துக்கொள்வோம். படுத்திருப்பவரின் மூக்கைக் கிளிப்பால் அடைத்து, ஒருவழி வால்வுள்ள வாய்க்குழாய் மூலம் 10 நிமிட மூச்சைப் பையில் பிடிக்கிறோம். 66 லிட்டர் சேர்கிறது. அறை வெப்பம் 32 டிகிரி. இந்தக் காற்று சூட்டில் விரிந்தது, ஈரம் நிறைந்தது. 0 டிகிரி, 760 மி.மீ. பாதரச அழுத்தம், உலர்காற்று என்ற திட்ட நிலைக்குக் கொண்டுவர 0.853-ஆல் பெருக்க வேண்டும். நிமிடத்துக்கு 5.63 லிட்டர் வரும்.

பையில் ஆக்சிஜன் 16.6%, கார்பன் டை ஆக்சைடு 3.6% என்றால், மீதி 79.8% நைட்ரஜன். உடல் நைட்ரஜனைத் தொடுவதில்லை. உள்ளே போனது அப்படியே வெளியே வரும். வெளிக்காற்றில் அது 79.03%. ஆகவே உள்ளிழுத்தது 5.63 × 79.8 ÷ 79.03 = 5.685 லிட்டர். அதில் 20.93% ஆக்சிஜன். வெளிவந்ததைக் கழித்தால் நிமிடத்துக்கு 255 மி.லி. செலவு; வெளியேறிய கார்பன் டை ஆக்சைடு, உள்ளிழுத்த சொற்பத்தைக் கழித்தால், 200 மி.லி. இனி, இந்த இரண்டு அளவுகளையும் கலோரியாக மாற்ற 1949-இல் வியர் என்ற ஆய்வாளர் தந்த சூத்திரம்: 3.941 × 0.255 + 1.106 × 0.200 = நிமிடத்துக்கு 1.226 கிலோ கலோரி. நாளுக்குச் சுமார் 1,770.

வெப்பத்துக்கும் ஈரத்துக்குமான அந்த 0.853 திருத்தத்தை மறந்தால் இதே ஆளுக்கு 2,070 வரும். செலவாகாத 300 கிலோ கலோரியை நம்பி ஒருவர் தினமும் கூடுதலாகச் சாப்பிடுவார்! ஊட்டியில் காற்றழுத்தம் 580 மி.மீ. அளவுதான், அங்கே குளிர்ந்த அறையிலும் அந்தத் திருத்த எண் 0.70 பக்கம் இறங்கிவிடும். சென்னைக்கு அமைத்த கருவியை அப்படியே மலைக்குத் தூக்கிச் செல்வது வீண்.

தலையைக் கூண்டால் மூடி, நிமிடத்துக்கு 25 லிட்டர் காற்றை இழுக்கும் முறை படுத்திருப்பவருக்குச் சௌகரியம். ஆனால் அங்கே ஆக்சிஜன் குறைவது ஏறக்குறைய 1% மட்டுமே. சென்சார் 0.1% பிசகினால் விடை 10 சதவீதத்துக்கு மேல் ஆடும். பை முறையில் அதே பிசகுக்கு 3% அளவில்தான் ஆட்டம்.

விலை மலிந்த கையடக்கக் கருவிகளில் சில ஒரே ஒரு வாயுவைத்தான் பார்க்கின்றன. ஆக்சிஜனை மட்டும் பார்த்தால் மோசமில்லை: கொழுப்பு எரிந்தால் லிட்டருக்கு 4.69, மாவுச்சத்து எரிந்தால் 5.05 கிலோ கலோரி; வித்தியாசம் 8 சதவீதத்துக்குள். கார்பன் டை ஆக்சைடை மட்டும் பார்த்தால் கதை வேறு. ஒரு லிட்டர், கொழுப்பில் 6.6-ஐயும் மாவுச்சத்தில் 5.05-ஐயும் குறிக்கும். போதாததற்கு, முகமூடி மாட்டியதும் பதற்றத்தில் வேகமாக மூச்சு விடுபவர் இரத்தத்தில் இருப்பிலுள்ள கார்பன் டை ஆக்சைடையும் சேர்த்து வெளியேற்றிவிடுவார். எதுவும் கூடுதலாக எரிந்திராது. அதனால்தான் முதல் 5 நிமிட அளவுகளைத் தள்ளிவிட்டு, அடுத்து இரண்டு வாயுக்களும் 10 சதவீதத்துக்கு மேல் ஆடாத 5 நிமிடத்தை எடுக்க வேண்டும். சோதனைக்கு முன் குறைந்தது 5 மணி நேரம் சாப்பாடு, காபி, புகை கூடாது. அரை மணி ஓய்வும் வேண்டும். முகமூடி ஓரத்தில் கசிந்தால் விடை குறையும். தாடிக்காரர்களுக்கு இது அடிக்கடி நேரும்.

அறிக்கையில் சுவாச ஈவு (வெளியேறிய கார்பன் டை ஆக்சைடை, செலவான ஆக்சிஜனால் வகுத்தால் வரும் எண்) அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். வெறும் வயிற்றில் ஓய்வில் எடுத்த அளவுக்கு அது பொதுவாக 0.7-க்கும் 0.9-க்கும் நடுவில் இருக்கும். 0.67-க்குக் கீழே போனாலோ 1-ஐத் தாண்டினாலோ மறுபடி எடுக்கச் சொல்லுங்கள். கடும் ஓட்டத்தில் 1-ஐத் தாண்டுவது இயல்பு. ஆனால் அந்த நேரத்துக்கு வியர் சூத்திரம் பொருந்தாது. கருவியையும் சோதிக்க வழி உண்டு. 3 லிட்டர் சிரிஞ்சால் கனஅளவையும், 16% ஆக்சிஜன், 4% கார்பன் டை ஆக்சைடு கலந்த சிலிண்டரால் சென்சாரையும் சரிபார்க்கலாம். கூண்டுக் கருவியில் எத்தனாலை எரித்தால் ஈவு 0.67 காட்ட வேண்டும். கடைசியாக இவற்றை எந்தத் தேதியில் செய்தார்கள் என்று கேட்டுவிட்டுப் பணம் கட்டுங்கள்.

இப்படிக்கு,
உடலியங்கியல் ஆசிரியர்கள் சிலர், திருச்சி