ஆலய வரலாற்றுக் குழு: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் சபையோருக்கும் வணக்கம்.

ஆலயத்தின் வயதை எந்த வருடத்திலிருந்து எண்ணுவது என்ற கேள்வியே இவ்வருடம் குழுவின் நேரத்தில் பெரும்பகுதியை எடுத்துக்கொண்டது. வாசற் கல்லில் வெட்டியுள்ள வருடம் கட்டடத்துக்குரியது, சபைக்குரியதல்ல. யாழ்ப்பாணத்து வடமராட்சிக் கிராமங்களில் வெஸ்லியன் (மெதடிஸ்த) மிஷன் வந்த வழி பெரும்பாலும் பள்ளிக்கூடந்தான். கிழமை நாளில் பாடம், ஞாயிறில் அதே கொட்டிலில் ஆராதனை. கல்லாலயம் பிந்தியே எழும்பும். அதிலும் அத்திவாரக் கல் நாட்டியது ஒரு வருடமாகவும் பிரதிட்டை வேறு வருடமாகவும் இருக்கலாம். ஆகவே விழா மலரில் பள்ளி, சபை, கட்டடம் ஆகிய மூன்றுக்கும் தனித்தனி வருடம் போட வேண்டும். ஆதாரமில்லாத இடம் வெறுமையாகவே இருக்கட்டும்.

வாய்மொழித் தகவலுக்கு ஓர் எல்லை உண்டு. வெஸ்லியன் மிஷனரிமார் இலங்கைக் கரையில் இறங்கியது 1814 யூன் 29இல். அதற்கு முந்திய வருடத்தை யாராவது சொன்னால் அது ஒல்லாந்தர் கால ஆலயத்தைப் பற்றிய நினைவாக இருக்கலாம். வட்டுக்கோட்டை, தெல்லிப்பழைப் பக்கம் 1816இல் வந்த அமெரிக்க மிஷனுக்கும், நல்லூர் 1818இல் வந்த சேர்ச் மிஷனுக்கும் (அங்கிலிக்கன்) உரியவை. குடும்பக் கதைகளில் இம்மூன்றும் தாராளமாகக் கலந்துவிடுகின்றன.

ஞானஸ்நானப் பதிவேட்டைத் தேடுவோர் கிராம ஆலய அலுமாரியோடு நின்றுவிடக்கூடாது. தனிப் பதிவேடு தொடங்குமுன் பெயர்கள் சேகரத்தின், அதாவது பல ஆலயங்கள் சேர்ந்த வட்டாரத்தின், பதிவேட்டில் ஏறியிருக்கும். வெள்ளைக்காரக் குருமார் ஊர்ப்பெயரைக் காதில் விழுந்தபடி ஆங்கிலத்தில் எழுதினார்கள். ஒரே ஊர் பல எழுத்தில் வரும். பெயரை மட்டும் நம்பாமல் தகப்பன் பெயர், தொழில், குருவின் கையொப்பம் ஆகியவற்றையும் ஒப்பிட வேண்டும். மிஷனரிமார் அனுப்பிய கடிதங்கள் லண்டனில், கீழைத்தேய ஆபிரிக்கக் கற்கைகள் கல்லூரியின் நூலகத்தில் உள்ளன. 1960, 61ஆம் ஆண்டுச் சட்டங்களால் பள்ளிகள் அரசுக்குப் போனபோது சம்பவத் திரட்டுப் புத்தகங்களும் (பள்ளியின் நாளாந்தக் குறிப்பேடுகள்) பாடசாலையோடு போயிருக்கலாம். அங்கும் கேட்க வேண்டும். காணி உறுதியைத் தேடும்போது மிஷன் பெயரிலும் பாருங்கள். இலங்கை மெதடிஸ்த திருச்சபை தன்னாட்சி பெற்றது 1964இல்தான்.

பழைய மை கடதாசியை அரிக்கும். அப்படியான தாளுக்கு லமினேற் செய்வதும் செலோரேப் ஒட்டுவதும் கேடு. பசை மஞ்சளாகி எழுத்தையும் கொண்டுபோகும். ஒவ்வொரு பக்கத்தையும் யன்னல் வெளிச்சத்தில், பிளாஷ் இல்லாமல், நேர் மேலிருந்து அடிமட்டம் (அளவுகோல்) ஒன்றையும் வைத்துப் படமெடுக்க வேண்டும். முதுகு இறுகிய புத்தகத்தை 180 பாகைக்கு விரித்து அமுக்கினால் தையல் அறும். இரும்பு அலுமாரியைச் சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வையுங்கள். கறையான் சுவர் வழியாகவும் ஏறும்.

தென்புறச் சுவர் பூச்சு உதிர்வதற்குக் காரணம் மழையல்ல, சீமெந்து. முருகைக்கல்லும் சுண்ணாம்பும் சேர்ந்த சுவர் ஈரத்தை உள்ளே இழுத்து வெளியே விட்டு மூச்சு விடும். மேலே சீமெந்து பூசினால் ஈரம் உள்ளே அடைபட்டு, உப்பு பூத்துப் பூச்சைத் தள்ளும். திரும்பச் சீமெந்து பூசுவது பணத்தை வீணாக்குவது. அதைக் கொத்தி எடுத்து, சுவர் நன்கு காய்ந்தபின், ஒரு பங்கு சுண்ணாம்புக்கு மூன்று பங்கு கழுவிய மணல் என்ற கலவையை மெல்லிய படைகளாகப் பூச வேண்டும். கடல் மணல் வேண்டாம். வெயிலில் சடுதியாகக் காய்ந்தால் வெடிக்கும்; ஈரச்சாக்குத் தொங்கவிட வேண்டும். மாரிக்கு முன் தொடங்குவதா, தைக்குப் பிறகா என்பதை இக்கூட்டம் தீர்மானிக்க வேண்டும். குழுவின் விருப்பம் தைக்குப் பிறகே.

செயலாளர்