ஊற்றில் தண்ணீர் இருக்கிறதா, பார்த்துச் சொல்

கொழிஞ்சாம்பாறை, பாலக்காடு ஜில்லா
மாசி 12

அன்புள்ள அம்மணிக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லாரும் சௌக்கியம். கிழக்குக் காற்று இந்த வருஷம் மாசி பிறந்தும் ஓயவில்லை. தென்னை மட்டை விழுந்து மாட்டுச்சாளையில் ஏழு ஓடு போச்சு. மூட்டுக்குப் போடும் தைலம் தீர்ந்துவிட்டது என்று உங்கம்மா எழுதச் சொன்னாள், எழுதிவிட்டேன்.

போன வாரம் நியூயார்க்கிலிருந்து போனில் கேட்டாயே, “அன்னிக்கு சென்ட்ரல் பார்க் போய்ட்டு வந்து ராத்திரி வரைக்கும் ஏம்ப்பா வாயே தொறக்கல, கால் வலியா?” என்று. கால் வலி இல்லை கண்ணு. போனில் சொன்னால் பாதியில் தொண்டை அடைக்கும், அதனால்தான் காகிதம் எடுத்தேன்.

முதல் நாள் கூட்டிப்போனபோது “இயற்கைன்னா இதுதாம்ப்பா” என்றாய். நான் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் வடக்கே அந்தக் குளத்துப் பக்கம் போனோமே, பாறை இடுக்கில் தண்ணீர் கொட்டுகிற இடம், அங்கே நின்றதுமே எனக்குச் சந்தேகம். மழை இல்லை, மேட்டில் ஓடை இல்லை, தண்ணீர் மட்டும் ஒரே சீராக வருகிறது. வருஷம் 7.25 டிஎம்சி ஆழியாற்றுத் தண்ணீர் நம் சித்தூர்ப் பக்கம் வரவேண்டும் என்று ஒப்பந்தம் இருந்தும், மூலத்தரை அணையில் எப்போது ஷட்டர் தூக்குவான் என்று பார்த்தே தலை நரைத்தவன் நான். தண்ணீர் தானாக வருவதும் ஆள் திறந்து வருவதும் எனக்குத் தெரியாதா? இது ஆள் திறந்துவிடுகிற தண்ணீர் என்று நான் சொன்னதற்கு மாப்பிள்ளை சிரித்தார். அப்புறம் செல்லில் தேடிப் பார்த்துவிட்டு, பாறைக்குப் பின்னால் நகரத்துக் குழாய் ஒளிந்திருக்கிறது என்று அவரே சொன்னார்.

843 ஏக்கர். நம்முடைய இரண்டரை ஏக்கரை முந்நூறு தடவைக்கு மேல் போட்டாலும் நிறையாது. அத்தனையும் ஆள் வைத்துச் செய்தது. போட்டி வைத்து, வந்த 33 திட்டங்களில் ஓம்ஸ்டெட், வாக்ஸ் என்ற இரண்டு பேருடையதை 1858-இல் எடுத்தார்கள். ஓம்ஸ்டெட் முன்னால் விவசாயம் பார்த்தவராம், அதைக் கேட்டதும் ஆள் மேல் எனக்கு ஒரு பிரியம். சதுப்பாகக் கிடந்ததை ஏரியாக்கி, பாறைக்கு வெடி வைத்து, நியூ ஜெர்சியிலிருந்து மேல்மண் கொண்டுவந்து கொட்டியிருக்கிறார்கள். குறுக்கே போகிற நாலு ரோட்டையும் பள்ளத்தில் இறக்கிவிட்டதால் மேலே நடக்கிறவனுக்கு வண்டியே தெரிவதில்லை. அந்தக் காலத்தில் குதிரை வண்டிதான். கார் வருவதற்கு முன்பே யோசித்திருக்கிறான் பார். ஷீப் மெடோ புல்வெளியில் 1934 வரைக்கும் நிஜமாகவே செம்மறி மேய்ந்ததாம்.

எனக்கு ரொம்பப் பிடித்தது ஹடில்ஸ்டோன் வளைவு. சுண்ணாம்பு இல்லை, சிமெண்ட் இல்லை, பெரிய பெரிய கல் ஒன்றின் மேல் ஒன்று சாய்ந்தே நிற்கிறது. நம்மூர்க் கல்கட்டு வேலைக்காரன் பார்த்தால் கையெடுத்துக் கும்பிடுவான். தெற்கே சின்னவன் ஏறிக் குதித்த அந்தக் கரும்பாறை மட்டும்தான் மனுஷன் கை படாதது. வண்டித்தடம் மாதிரி கோடு கோடாக இருந்ததே, பனிக்கட்டி ஆறு கல்லை இழுத்துக்கொண்டு போன தடமாம் அது.

இதெல்லாம் பார்த்து எனக்குச் சந்தோஷம்தான். வாயடைத்துப் போனது மேற்கு ஓரத்தில், 82-ஆம் தெருவுக்கும் 89-ஆம் தெருவுக்கும் நடுவில். அங்கிருந்த பலகைகளை நீதான் தமிழில் சொன்னாய். அப்போது சின்னவனுக்குப் பசி, நீ பாதியிலேயே கிளம்பிவிட்டாய். மீதியை ராத்திரி மாப்பிள்ளையைப் படித்துச் சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டேன்.

செனெகா வில்லேஜ் என்று ஒரு ஊர். 1825-இல் ஆண்ட்ரூ வில்லியம்ஸ் என்ற கறுப்பு இளைஞர், பூட்ஸ் துடைத்துப் பிழைத்தவர், 125 டாலருக்கு மூன்று மனை வாங்கியிருக்கிறார். அப்படி ஆரம்பித்து 1855-இல் சுமார் 225 பேர். மூன்று சர்ச், ஒரு பள்ளிக்கூடம். அந்த ராஜ்யத்தில் கறுப்பர் ஓட்டுப் போட 250 டாலர் சொத்து இருக்கவேண்டும் என்று சட்டம். அப்படியானால் மண் போனால் ஓட்டும் போச்சு. பார்க்குக்காக 1857-க்குள் எல்லாரையும் கிளப்பிவிட்டார்கள், பார்க் இடம் முழுக்கச் சேர்த்து 1,600 பேர்போல. பட்டா வைத்திருந்தவர்களைப் போய், அத்துமீறிக் குடிசை போட்டவர்கள் என்று பத்திரிகைகள் எழுதின. 2011-இல் தோண்டியபோது ஒரு வீட்டின் அஸ்திவாரம், இரும்புக் கெட்டில், ஒரு சின்னச் செருப்பு எல்லாம் கிடைத்ததாம்.

உனக்கு ஆறு வயதில் ரோடு அகலப்படுத்தினார்களே, ஞாபகம் இருக்கா? 14 சென்ட், கிணற்றோடு. நோட்டீஸ் மலையாளத்தில் வந்தது. எனக்குப் பேச வரும், எழுத்துக் கூட்டத் தெரியாது. சித்தூரில் பத்திரம் எழுதுகிறவரிடம் கொண்டுபோய்க் காட்டினால், ஆட்சேபம் சொல்லும் தேதி முடிந்து நாலு நாள் ஆகியிருந்தது. அதில் நம் இடத்தைப் புறம்போக்கு என்று போட்டிருந்தது. தாத்தா காலத்திலிருந்து நிலவரி கட்டிய ரசீது 31, எல்லாவற்றையும் மஞ்சப்பையில் போட்டுக்கொண்டு எட்டு மாசம் ஒரு ஆபீஸுக்கு நடந்தேன். பிற்பாடு பணம் வந்தது. மலையாளத்தில் அதற்குப் ‘பொன்னும்வில’ என்று பேர், பேரில்தான் பொன். வந்த கடிதத்தில் நம் கிணற்றை ‘உபயோகமில்லாத குழி’ என்று எழுதியிருந்தார்கள். உன் தாத்தாவும் நானும் முப்பதடிக்குக் கீழே பாறை உடைத்து வெட்டிய கிணறு.

அந்த ரோட்டில்தான் தினமும் சொசைட்டிக்குப் பால் கொண்டுபோகிறேன். ரோடு வேண்டாம் என்று அன்றைக்கும் சொல்லவில்லை. உன் பார்க்கையும் குறை சொல்லவில்லை, சின்னவன் ஓடியாட அதைவிட நல்ல இடம் அந்த ஊரில் ஏது? ஆண்ட்ரூ வில்லியம்ஸ் தன் வீட்டுக்கும் மனைக்கும் 3,500 டாலர் கேட்டாராம், கிடைத்தது 2,335. அதைப் படித்துக் கேட்டபோது அந்த மஞ்சப்பை ஞாபகம் வந்துவிட்டது, அவ்வளவுதான்.

இன்னொன்று. 82-ஆம் தெருப் பக்கம் டானர் ஊற்று என்று ஒன்று, பாறைக்கு அடியில் இருக்கிறது, நாம் அதை விட்டுவிட்டோம். 1880-இல் டானர் என்ற ஒரு டாக்டர் 40 நாள் பட்டினி கிடந்து அந்தத் தண்ணீரைக் குடித்ததால் அவர் பேர் வந்ததாம். (பட்டினி கிடந்தவனுக்குப் பேர், அதற்கு முன்னால் அங்கே குடம் தூக்கின செனெகா ஊர்க்காரர்களுக்கு இல்லை.) அது குழாய்த் தண்ணீர் இல்லை, ஊற்று. ஞாயிற்றுக்கிழமை சின்னவனைக் கூட்டிக்கொண்டு போய், தண்ணீர் இருக்கிறதா என்று பார். இருந்தால் ஒரு போட்டோ எடுத்து உங்கம்மா செல்லுக்கு அனுப்பு, என்னுடையதில் திறக்க மாட்டேன் என்கிறது.

ராத்திரி முறைத்தண்ணீர் வரும் என்று சொல்லியிருக்கிறார்கள். மடை பார்க்கப் போகிறேன்.

அன்புடன்,
அப்பா