மௌனப் படத்தை ஓட்டும் வேகம்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

மௌனப் படம் என்றாலே ஆட்கள் குடுகுடுவென ஓடுவார்கள் என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. தவறு படத்தில் இல்லை, ஓட்டும் வேகத்தில் இருக்கிறது. அன்று கேமராவை நொடிக்கு ஏறத்தாழ 16 முதல் 22 சட்டகம் (பிலிமில் உள்ள தனித்தனிப் படம்) வரை ஓட்டினார்கள். பேசும்படத்தின் வேகம் 24. ஆயிரம் அடி 35 மி.மீ. சுருளில் 16,000 சட்டகம். 18இல் ஓட்டினால் 14 நிமிடம் 49 நொடி வரும், 24இல் ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும்.

இழப்பைப் பார்க்க இயக்குநர் முர்னாவின் ஜெர்மானியப் படமான 'டெர் லெட்ஸ்டே மான்' (1924) போதும். ஹோட்டல் வாயிற்காவலர் கழிப்பறைப் பணிக்கு இறக்கப்படுகிறார். அக்கம்பக்கத்தில் அவருக்கிருந்த மதிப்பெல்லாம் அந்தச் சீருடைக்குத்தான். சீருடைக் கோட்டைக் கழற்றும்போது, காவலராக நடிக்கும் எமில் யானிங்ஸின் முதுகு மெல்ல மெல்லக் கூனுகிறது. வேகம் கூடினால் அந்தக் கூனல் வெறும் கோமாளித்தனம். படத்தில் வசன அட்டைகளும் இல்லை, கதையின் முடிவுக்கு முன் வரும் ஒரே விளக்க அட்டையைத் தவிர. எல்லாவற்றையும் உடல்தான் சொல்ல வேண்டும்.

வேகத்தைக் குறைத்தால் மட்டும் போதாது. புரொஜெக்டரில் ஒளியை விட்டுவிட்டு மறைக்கும் சுழல் தகடுதான் ஷட்டர். இரண்டு இதழ் ஷட்டரில் 18இல் ஓட்டினால் நொடிக்கு 36 மினுக்கல்தான், கண் கூசும். மூன்று இதழ் போட்டால் 54. பிம்பத்துக்கு எல்லை வகுக்கும் புரொஜெக்டர் சாளரமான 'கேட்'டையும் மாற்ற வேண்டும். மௌனப் படத்தில் ஒலித்தடம் இல்லாததால் பிம்பம் முழு அகலத்துக்கும் இருக்கும். பேசும்பட கேட் ஓரத்தை வெட்டிவிடும், கூடவே ஓரத்தில் நிற்பவரையும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்