செயலாளரின் ஆண்டறிக்கை: பதிவே இல்லாத ஒரு குரலோடு ஓர் ஆண்டு

தலைவர் அவர்களுக்கும், பொருளாளர் அவர்களுக்கும், இந்தக் குளிரிலும் ரயில் மாறி வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

போன பொதுக்குழுவில் எடுத்த முடிவை முதலில் நினைவூட்டிவிடுகிறேன். மாதம் ஒரு பாடகர் என்று தாவாமல், பிரெஞ்சு ஓபராவிலிருந்து ஒரே ஒருவரை எடுத்துக்கொண்டு ஆண்டு முழுவதும் கேட்பது என்று தீர்மானித்தோம். சீட்டுக் குலுக்கிப் போட்டதில் வந்த பெயர் போலின் வியார்தோ. 1821இல் பாரிஸில் பிறந்து 1910இல் பாரிஸிலேயே இறந்த மெட்ஸோ சோப்ரானோ, அதாவது பெண் குரல்களில் நடுத்தர உயரத்தில் பாடுபவர். சீட்டைப் பிரித்துக் கைதட்டிய பிறகுதான் உறைத்தது, அவர் குரல் ஒரு நொடிகூடப் பதிவாகவில்லை என்பது. இசை கேட்பதற்கென்றே ஏற்பட்ட வட்டம், கேட்கவே முடியாத பாடகியை வைத்துக்கொண்டு என்ன செய்யும்? மறு சீட்டு எடுக்கலாம் என்று நான் சொன்னேன். தலைவர் ஒப்பவில்லை.

வழி சொன்னவர் நம் மூத்த உறுப்பினர், ஓய்வுபெற்ற தையற்காரர். "ஆள் இல்லாவிட்டால் என்ன, சட்டை இருக்கிறதே. சட்டையைப் பார்த்தால் உடம்பின் அளவு தெரியாதா?" என்றார். அதாவது, அந்தத் தொண்டைக்கென்றே அளவெடுத்து எழுதிய இசையைக் கேட்போம் என்பது அவர் யோசனை. ஆண்டு முழுக்க நாம் செய்தது அதுதான்.

முதல் கூட்டம் குடும்பக் கதையிலேயே முடிந்துவிட்டது. அந்தக் குடும்பம் அப்படி. அப்பா மானுவேல் கார்சியா, ஸ்பெயினின் செவில் நகரத்து டெனர், அதாவது உயர்ந்த ஆண் குரலில் பாடுபவர். 'செவில் நாவிதர்' ஓபராவில் அல்மவீவா பிரபுவின் பாத்திரத்தை இத்தாலிய இசையமைப்பாளர் ரோஸ்ஸினி இவருக்காகவே எழுதினார். 1825இல் மனைவி மக்களோடு கப்பலேறி நியூயார்க் போய் அங்கே இத்தாலிய ஓபராவை அறிமுகம் செய்தவரும் இவரே. போலினுக்கு அப்போது நான்கு வயது. அப்புறம் மெக்சிகோ, அங்கிருந்து திரும்பும் வழியில் கொள்ளைக்காரர்கள் எல்லாவற்றையும் பறித்துக்கொண்டார்கள். அண்ணன் மானுவேல், தொண்டைக்குள் கண்ணாடி வைத்துக் குரல்நாண்களைப் பார்க்கும் முறையைக் கண்டுபிடித்து, 101 வயது வரை வாழ்ந்தவர். அக்கா மரியா மாலிப்ரான் ஐரோப்பாவே கொண்டாடிய பாடகி. குதிரையிலிருந்து விழுந்த காயத்தோடே பாடிக்கொண்டிருந்து, 1836இல் 28 வயதில் மான்செஸ்டரில் இறந்துபோனார்.

போலினுக்கு ஆசை பியானோமேல். கற்றுக்கொடுத்தவர் பியானோ மேதை ஃபிரான்ஸ் லிஸ்ட் என்றால் ஆசை வராதா? அப்பாவும் போய், அக்காவும் போன பிறகு, பாடத்தான் வேண்டும் என்று அம்மா தீர்மானித்துவிட்டார். 1837இல் பிரஸ்ஸல்ஸில் முதல் கச்சேரி. 1839இல் லண்டனில் ரோஸ்ஸினியின் 'ஒதெல்லோ'வில் டெஸ்டிமோனாவாக முதல் மேடை. அக்கா பேரெடுத்த அதே வேடம். ஒரு பெண் தன் விருப்பத்தை விட்டுக்கொடுத்துப் பெரியவரானது பெருமையா, வருத்தமா என்று நம் கூட்டத்தில் நடந்த வாக்குவாதம் குறிப்பேட்டில் இரண்டு பக்கம் இருக்கிறது.

அளவெடுத்துத் தைத்த முதல் சட்டை, இசையமைப்பாளர் மெயெர்பேரின் 'லெ ப்ரோஃபெத்' (தீர்க்கதரிசி) என்ற ஓபரா. 1849 ஏப்ரல் 16 அன்று பாரிஸ் ஓபராவில் அரங்கேறியது. அதில் போலின் ஏற்ற ஃபிதெஸ், நாயகனின் காதலி அல்ல, தாய். மகன் செத்துவிட்டான் என்று நம்பித் தெருவில் பிச்சை கேட்கிறவள். மகனே எதிரில் வந்து நிற்கும்போது, அவன் இவளைத் தெரியாது என்று சொல்ல நேர்கிறது. பாடியவருக்கு வயது 27! அம்மா பாசம் நம் சினிமாவுக்கு மட்டுமே சொந்தம் என்று நினைத்தவர்கள் அன்று வாயடைத்துப் போனோம். பாடகி மெரிலின் ஹார்னின் பதிவைப் போட்டோம். குரல் கீழே இறங்கி மண்ணைத் தொட்டுவிட்டு, அப்படியே மேல்ஸ்தாயிக்குத் தாவுகிறது. இப்படி ஒரு ஏற்ற இறக்கத்தை மெயெர்பேர் காகிதத்தில் துணிந்து எழுதினார் என்றால், எதிரில் நின்ற பெண்ணால் அது முடியும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. தையற்காரர் ஐயா திருப்தியாகத் தலையாட்டினார்.

இந்த ஆண்டின் நல்ல கூட்டம் எது என்று கேட்டால் நான் 'ஒர்ஃபே' கூட்டத்தைத்தான் சொல்வேன். இறந்த மனைவியை மீட்கப் போகும் ஒர்ஃபேயின் கதை இது. இசையமைப்பாளர் க்ளுக் 1762இல் வியன்னாவில் இதை எழுதியபோது ஒர்ஃபேயாகப் பாடியவர், சிறு வயதிலேயே விரை நீக்கப்பட்டதால் குரல் உடையாத ஆண் பாடகர். 1774இல் பாரிஸுக்கு வந்தபோது உயர்ந்த டெனர் குரலுக்கு மாற்றி எழுதினார். நூறாண்டு போவதற்குள் அந்த இரண்டு வகைக் குரலும் அரிதாகிவிட்டன. பிரெஞ்சு இசையமைப்பாளர் பெர்லியோஸ் இரண்டு வடிவங்களையும் பக்கத்தில் வைத்து, வியார்தோவின் குரலுக்குப் பொருந்துகிற மாதிரி ஒன்றாக இணைத்தார். 1859 நவம்பர் 18, பாரிஸின் தெயாத்ர் லிரிக் அரங்கு. நூறு காட்சிகளைத் தாண்டி ஓடியது. முதல் அங்கத்தின் முடிவில் பாடகி தனியே விரித்துப் பாடும் இடத்துக்கு, பெர்லியோஸ், இன்னொரு பிரெஞ்சு இசையமைப்பாளரான சேன்-சான்ஸ், வியார்தோ மூவருமே கைவைத்திருக்கிறார்கள். இங்கே சட்டை தைத்தவர்களில் அணிந்தவரும் ஒருவர். கார்டினர் நடத்தி ஆன் ஸோஃபி ஃபொன் ஓட்டர் பாடிய பதிவைக் கேட்டோம். மனைவியை இழந்த ஆண் ஒருவன் பெண் குரலில் அழுகிறான் என்பது ஐந்து நிமிடத்தில் மறந்துபோனது.

அந்தக் குரல் இனிப்பானது அல்ல. சற்றுக் கரகரப்பானது, கசப்பு ஆரஞ்சின் சுவைக்கு அதை ஒப்பிட்டார்கள் என்று சேன்-சான்ஸ் எழுதியிருக்கிறார். "நம் ஊர் நாரத்தங்காயைச் சொல்கிறார்" என்றார் ஓர் அம்மா. அடுத்த மாதம் ஒரு புட்டி நாரத்தங்காய் ஊறுகாயும் தயிர்சாதமும் கொண்டுவந்து, மறுபடியும் அதே பாட்டைப் போடச் சொன்னார். ஒரு குரலைப் பற்றி எனக்கு இதைவிடத் தெளிவாக யாரும் விளக்கியதில்லை.

துர்கேனியெஃப் கூட்டம் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அது மறுபடியும் தொடங்கிவிடும். போலின் 1840இல் தன்னைவிட 21 வயது மூத்த லூயி வியார்தோவை மணந்தார். 1843இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் பாடப் போனபோது அவரைக் கேட்ட ரஷ்ய எழுத்தாளர் இவான் துர்கேனியெஃப், பிறகு நாற்பது ஆண்டுகள் அந்தக் குடும்பத்தை ஒட்டியே வாழ்ந்தார். கணவருக்கும் நண்பர். இது என்ன உறவு என்று கேட்டவர்களுக்கு விடை கிடைக்கவில்லை. குறிப்பேட்டில் "மேலும் விவாதிக்கப்பட்டது" என்று எழுதி முடித்தேன்.

ஜூனில் பாரிஸுக்கு அருகிலுள்ள பூஜிவால் போனோம். சென் நதியோரம், மேட்டில் வியார்தோ குடும்பத்தின் வீடு, அதே தோட்டத்தில் இன்னும் மேலே துர்கேனியெஃபின் மரவீடு. 1883 மே மாதம் லூயி இறந்தார், செப்டம்பர் 3 அன்று துர்கேனியெஃப். படுக்கையில் கிடந்தபடி அவர் சொன்ன கடைசிக் கதையைப் போலின்தான் எழுதிக்கொண்டார். இவ்வளவையும் நான் வாசலில் நின்றுதான் விளக்க வேண்டியதாயிற்று. பார்வை நேரத்தைத் தப்பாகக் குறித்துக்கொண்டவன் செயலாளராகிய நானே. பதினான்கு பேரிடமும் மறுபடி மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன்.

ஆனால் அதனால் ஒன்று கிடைத்தது. நேரம் மிச்சமிருந்ததால் ஆற்றைக் கடந்து எதிர்க்கரைக்கு, க்ருவாஸிக்கு நடந்தோம். 'சம்ஸோன் எ தலிலா' (பைபிளின் சிம்சோன், தெலீலாள் கதை) ஓபராவைச் சேன்-சான்ஸ் வியார்தோவுக்குக் காணிக்கையாக்கினார். எந்த அரங்கும் அதை எடுத்துக்கொள்ளத் தயங்கியபோது, 1874இல் இந்த க்ருவாஸியில் ஒரு நண்பர் வீட்டில் இரண்டாம் அங்கத்தை நடத்திக் காட்டினார் வியார்தோ. பியானோவில் சேன்-சான்ஸ், தலிலாவாக 53 வயது போலின். பாரிஸ் ஓபராவின் இயக்குநரும் வந்து கேட்டார், வேண்டாம் என்று போய்விட்டார். கடைசியில் லிஸ்ட் உதவியால் 1877 டிசம்பரில் ஜெர்மனியின் வைமாரில் அரங்கேறியது, பாடியவர் வேறொருவர். பாரிஸ் ஓபராவுக்கு வர 1892 ஆயிற்று. அவருக்காகத் தைத்து, அவர் மேடையில் ஒருநாளும் அணியாத சட்டை. கரையில் உட்கார்ந்து அந்த இரண்டாம் அங்கப் பாட்டைக் கைப்பேசியில் கேட்டோம். சமோசா போதவில்லை என்ற புகாரையும் பதிவு செய்கிறேன்.

1863இல், 42 வயதிலேயே அவர் பாரிஸ் மேடையை விட்டு ஜெர்மனியின் பாடன்-பாடனுக்குக் குடிபோனதற்கு பிரெஞ்சுப் பேரரசர் மூன்றாம் நெப்போலியன் மேலிருந்த வெறுப்பும் ஒரு காரணம். குரலும் தேய்ந்திருந்தது. எல்லாவற்றையும் பாட ஆசைப்பட்டுக் குரலைக் கெடுத்துக்கொண்டேன், நீங்கள் அப்படிச் செய்யாதீர்கள் என்று மாணவிகளிடம் ஒளிவில்லாமல் சொன்னவர். ஆனாலும் ஜெர்மன் இசையமைப்பாளர் பிராம்ஸ் தாழ்ந்த பெண் குரலுக்கு எழுதிய 'ஆல்ட்டோ ராப்ஸடி'யை 1870 மார்ச் 3 அன்று ஜெர்மனியின் யேனாவில் முதலில் பாடியவர் அவர்தான். பாடகி காத்லீன் ஃபெர்ரியரின் 1947ஆம் ஆண்டுப் பதிவில் அதைக் கேட்டபோது மண்டபத்தில் நாற்காலி நகரும் சத்தம்கூட இல்லை.

பொருளாளருக்குப் பிடித்தது வேறு கதை. மோட்ஸார்ட் தன் கையால் எழுதிய 'டான் ஜொவான்னி' சுவடியை 1855இல் லண்டனில் விலைக்கு வாங்க, வியார்தோ நகைகளை விற்றார். 1892இல் அதைப் பாரிஸின் இசைக் கல்லூரியான கன்செர்வத்வாருக்கு இலவசமாகக் கொடுத்துவிட்டார். இப்போது தேசிய நூலகத்தில் இருக்கிறது. "நம் வட்டத்தில் சந்தா இருபது யூரோ கொடுக்கவே..." என்று பொருளாளர் தொடங்கியதை நான் தொடரவில்லை.

ஒரு வருத்தம் மட்டும் தீரவில்லை. 1904இல், 82 வயதில், 'சாந்திரியோன்' (சிண்டரெல்லா) என்ற தன் சிறிய ஓபராவை ஒரு வீட்டுக் கூடத்தில் அரங்கேற்றினார். அதற்கு இரண்டு ஆண்டு முன்பே இத்தாலியப் பாடகர் காருஸோ மிலானில் இசைத்தட்டுக்குப் பாடிவிட்டார். யாராவது ஒலிப்பதிவுக் குழலை அந்தக் கூடத்துக்குத் தூக்கிக்கொண்டு போயிருக்கக் கூடாதா?

சரி, கணக்கு. உறுப்பினர் 41, சந்தா கட்டியவர் 35, வரவு 700 யூரோ. முந்தைய இருப்பு 112. மண்டப வாடகை 360 (நடு ஆண்டில் ஏற்றிவிட்டார்கள்), தேநீர் சிற்றுண்டி 148, பூஜிவால் பயணம் 96, ஒலிபெருக்கி பழுது 85. கையிருப்பு 123 யூரோ.

அடுத்த ஆண்டுக்கு, பதிவுகள் தாராளமாக உள்ள பிரெஞ்சுப் பாடகி ரெஜின் க்ரெஸ்பானை எடுத்துக்கொள்ளலாம் என்று செயற்குழு முன்மொழிகிறது. 1927இல் மார்செயில் பிறந்து, சோப்ரானோவாக (மிக உயர்ந்த பெண் குரல்) புகழ்பெற்று, பிறகு மெட்ஸோ வேடங்களுக்கு மாறியவர். தையற்காரர் ஐயா மட்டும் இதற்கு உடன்படவில்லை. குரலைக் கேட்டுவிட்டால் யோசிக்க என்ன இருக்கிறது என்கிறார். அவருடைய மறுப்பைக் குறிப்பேட்டில் சேர்த்திருக்கிறேன். சந்தா பாக்கி வைத்திருக்கும் ஆறு பேரும் தேநீர் இடைவேளையில் பொருளாளரைப் பார்க்கவும்.

இப்படிக்கு,
செயலாளர்