உன்னிடம் இருக்கும் அந்தப் புத்தகம்

அன்பின் பபா,

நல்லூர்த் தேர் முடிந்ததும் எழுதுகிறேன் என்று சொன்னவள், மாரி மழை தொடங்கிக் கிணறு நிறைந்த பிறகுதான் பேனை எடுத்திருக்கிறேன். நீ மூன்று கடிதம் போட்டாய். நான் ஒன்றுக்கும் பதில் எழுதவில்லை. வட்ஸ்அப்பில் கதைத்தோம்தான், ஆனால் அது கடிதம் ஆகாது என்று எனக்கும் தெரியும். நீ கோபித்தது சரி. அதற்காகக் கொக்குவில் மாமிக்கு முறைப்பாடு வைத்திருக்க வேண்டாம். சந்தையில் என் கையைப் பிடித்து நிறுத்தி, "பிள்ளை, உங்கள் இரண்டு பேருக்கும் இடையில் என்ன பிரச்சினை?" என்று கேட்டுவிட்டார். ஐம்பது வருடச் சிநேகிதத்துக்கு ஒரு பஞ்சாயத்து வைக்காத குறை.

இங்கே எல்லாரும் சுகம். அம்மாவின் முழங்கால் பழையபடிதான். சைக்கிள் மாஸ்ரர் இன்னமும் சைக்கிளில்தான் திரிகிறார். அச்சுவேலிக்காரிக்குப் பேத்தி பிறந்திருக்கிறது. அவளுக்கு நீ ஒரு கோல் எடுத்துக் கதை.

சரி, விசயத்துக்கு வருகிறேன். நேற்று வாசிகசாலைக்கு ஒரு புத்தகம் வந்தது. அதைக் கையில் எடுத்ததிலிருந்து உன் நினைவுதான். ஆனால் அது எப்படி வந்தது என்பதை முதலில் சொல்லாவிட்டால் உனக்கு விளங்காது.

நான் ஓய்வுபெற்ற பிறகு சனசமூக நிலையத்து வாசிகசாலையைப் பொறுப்பெடுத்தது உனக்குத் தெரியும். நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது பார்த்த அதே மண்டபம்தான். காலையில் ஆறேழு பேர் வந்து உதயனையும் வீரகேசரியையும் பங்குபோட்டு வாசிப்பார்கள். மரண அறிவித்தல் பக்கத்துக்கு மட்டும் ஒரு வரிசை நிற்கும். ஒன்பது மணிக்குப் பிறகு மின்விசிறியும் நானும்தான். பின்னால் மூன்று கண்ணாடி அலுமாரி, மூன்றுக்கும் பூட்டு. திறப்பு பொருளாளர் வீட்டில் இருக்கும். ஒருவருக்குப் புத்தகம் வேண்டுமென்றால் பொருளாளர் வயலில் இருந்து வர வேண்டும். பிந்திக் கொடுத்தால் நாளுக்கு 2 ரூபாய் தண்டம் என்று சுவரில் எழுதியிருந்தது. பெண் ஒருத்தி உள்ளே வந்து உட்கார்ந்து நான் கண்டதில்லை.

சித்திரையில் ஒருநாள் திருநெல்வேலிச் சந்தையில், என்னிடம் படித்த பிள்ளை ஒருத்தி என்னைக் கண்டதும் மரவள்ளிக் கிழங்குக் குவியலுக்குப் பின்னால் போய் மறைந்தாள். இடுப்பில் குழந்தை. நான் விடுவேனா? கிட்டப் போய்க் கேட்டேன். மூன்று வருடத்துக்கு முன் வாசிகசாலையில் எடுத்த புத்தகம் வீட்டில் கிடக்கிறதாம். தண்டத்தைக் கணக்குப் பார்த்திருக்கிறாள், 2000 ரூபாய்க்கு மேல். புத்தகத்தின் விலை 350 ரூபாய். "ரீச்சர், காசு சேர்த்துக்கொண்டு வருவன்" என்றாள். குழந்தைக்குப் படப் புத்தகம் காட்ட ஆசை என்றும் சொன்னாள். அந்த ஆசையை வைத்துக்கொண்டு மூன்று வருடமாக எங்கள் ஒழுங்கையால் வராமல் சுற்றிப் போயிருக்கிறாள்.

அன்றிரவு எனக்கு நித்திரை இல்லை, பபா. உங்கள் ரொறன்ரோ நூலகத்தில் 2021 இல் பிள்ளைகளுக்கும் 2022 இல் எல்லாருக்கும் பிந்தும் தண்டத்தை எடுத்துவிட்டார்கள் என்று நீ சொன்னபோது, "காசுள்ள நாட்டுக்கு அது சரிவரும்" என்று நான் வெட்டிப் பேசினேன், நினைவிருக்கிறதா? நீயும் கோபத்தில் போனை வைத்துவிட்டாய். நீ சொன்னதுதான் சரி. காசில்லாத இடத்தில்தான் தண்டம் ஆளை அடியோடு விரட்டுகிறது. காசுள்ளவன் கட்டிவிட்டு அடுத்த புத்தகத்தை எடுத்துக்கொண்டு போவான்.

அடுத்த நிர்வாகக் கூட்டத்தில் இரண்டு விசயம் கேட்டேன். தண்டத்தை எடுங்கள், அலுமாரியைத் திறவுங்கள். பெரிய சண்டை. பயம் இல்லாவிட்டால் ஒருத்தரும் திருப்பித் தரமாட்டினம் என்றார்கள். அதற்கெல்லாம் என்னிடம் பதில் இருந்தது. ஆனால் தலைவர் ஐயா, உனக்குத் தெரியும், அவர் சத்தம் போட்டுப் பேசுகிறவர் இல்லை, மெதுவாகச் சொன்னார்: "பிள்ளை, புத்தகம் பறிகொடுத்த சனம் நாங்கள். பூட்டத்தான் செய்வம்."

கூட்டம் அப்படியே அமைதியாகிவிட்டது. என்னாலும் வாய் திறக்க முடியவில்லை.

யாழ்ப்பாணப் பொது நூலகத்தை எரித்த அந்த இரவு, 1981 யூன் முதலாம் திகதி விடிய உன் வீட்டு மொட்டை மாடியில் நாங்கள் நின்றது அந்த நேரம் கண்ணுக்குள் வந்தது. காற்றில் எரிந்த கடதாசி பறந்து வந்து உங்கள் மாதுளை மரத்தில் விழுந்ததே. ஏறத்தாழ 97,000 புத்தகம், ஏட்டுச் சுவடிகள், பழைய பத்திரிகைகள், எல்லாம். அந்த நெருப்பைப் பார்த்த அதிர்ச்சியில் பன்மொழி அறிஞர் தாவீது அடிகளின் உயிரே போனது. அதற்குப் பிறகு புத்தகம் என்றால் எங்களுக்குக் காவல் காக்க வேண்டிய பொருள். வீட்டிலும் அப்படித்தான், பள்ளிக்கூடத்திலும் அப்படித்தான். நானும் முப்பது வருடம் வகுப்பு நூலகத்தைப் பூட்டி வைத்து, திறப்பை இடுப்பில் செருகிக்கொண்டு திரிந்தவள்தான்.

ஆனால் பபா, யோசித்துப் பார். அந்த இரவில் எது தப்பியது? கட்டடத்துக்குள் பத்திரமாக அடுக்கி வைத்தது முழுக்கப் போனது. யாரோ ஒருவர் வாசிக்க எடுத்துக்கொண்டு போய்த் தலையணைக்குக் கீழே வைத்திருந்ததுதான் மிஞ்சியது. இப்போது நூலகம் நிறுவனத்துப் பெடியள் 2005 இல் இருந்து ஸ்கான் பண்ணி இணையத்தில் போடுகிறார்களே, அதிலும் எத்தனையோ சனத்தின் அலுமாரியிலும் பரணிலும் கிடந்தவைதான். புத்தகம் பரவிக் கிடந்த இடத்தில்தான் பிழைத்திருக்கிறது. இதைத்தான் கூட்டத்தில் தட்டுத்தடுமாறிச் சொன்னேன்.

இன்னொன்றும் சொன்னேன். எங்கள் யாழ்ப்பாணப் பொது நூலகத்துக்கு ஆலோசனை சொன்னவர் சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். அரங்கநாதன். அவர் 1931 இல் நூலகத்துக்கு ஐந்து விதி எழுதினார், முதல் விதியே புத்தகம் பயன்படுத்துவதற்கு என்பதுதான். அதே 1931 இல் மன்னார்குடிப் பக்கம் மாட்டுவண்டியில் புத்தகம் ஏற்றி ஊர் ஊராகக் கொண்டுபோயிருக்கிறார்கள். எங்களுடைய நூலகம் மட்டும் பெரிய மண்டபமாகவா தொடங்கியது? க. மு. செல்லப்பா 1933 இல் தன் வீட்டில் தொடங்கினார். அடுத்த வருடம் ஆஸ்பத்திரி வீதியில் ஒரு வாடகை அறை, 844 புத்தகம், கொஞ்சம் பத்திரிகை. அந்த வெள்ளைக் கட்டடம் 1959 இல் திறக்கப்படும்வரை கால் நூற்றாண்டு சின்ன இடங்களில்தான் சனத்தோடு சனமாக இருந்தது.

தலைவர் ஐயா கனநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு பொருளாளரைப் பார்த்து, "திறப்பை ரீச்சரிட்டைக் குடு" என்றார்.

அப்புறம் நடந்ததைக் கேள். தண்டம் இல்லை என்று கோயில் ஒலிபெருக்கியில் சொல்லுவித்தோம். முதல் கிழமையிலேயே 17 புத்தகம் வந்தது. ஒன்று பழைய சேலைத் துண்டில் சுற்றி, ஒன்று மாதுளம்பழங்களோடு பையில், இரண்டு இரவோடு இரவாகப் படிக்கட்டில். சந்தையில் ஒளித்த பிள்ளை குழந்தையோடு வந்தாள். குழந்தை யானைப் படத்தை நக்கிப் பார்த்தது. நான் ஒன்றும் சொல்லவில்லை.

நேரத்தையும் மாற்றினோம். காலை பத்திரிகைக்கு, பின்னேரம் நாலு மணியில் இருந்து எட்டு மணிவரை மற்றவர்களுக்கு. உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள் வருகிறார்கள். ஒரே அறை, அதற்குள் ரீவி, தம்பி தங்கை என்று இருக்கிற வீட்டுப் பிள்ளைகள். எங்கள் புத்தகத்தில் ஒன்றையும் தொடுவதில்லை, தங்கள் கொப்பியைத்தான் விரிக்கிறார்கள். "இது வாசிகசாலையோ ரியூட்டரியோ?" என்று பொருளாளர் கேட்கிறார். சென்னை அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் சொந்தப் புத்தகம் கொண்டுவந்து படிக்கவென்றே தனி இடம் இருக்கிறது என்று சொன்னேன். வெளிச்சமும் மேசையும் அமைதியும் கொடுப்பதும் நூலகத்தின் வேலைதானே.

பெண்கள் வந்தது வேறு வழியால். பக்கத்து ஒழுங்கையில் தனியாக இருக்கிற ஆச்சி, தனக்கு வந்த கடிதம் ஒன்றைக் கொண்டுவந்தார். முழுக்கச் சிங்களம். மூன்று நாளாகக் கையில் வைத்துக்கொண்டு வீடு வீடாகத் திரிந்திருக்கிறார். ஏதோ கடன்காரர் அனுப்பியது என்று பயந்துபோய் இருந்தார். சிங்களம் தெரிந்த பிள்ளை ஒருத்தியைப் பிடித்து வாசிப்பித்தோம். பார்த்தால், அவருடைய விண்ணப்பம் கிடைத்தது என்பதைத் தவிர அதில் வேறொன்றும் இல்லை! ஆச்சி அப்படியே வாங்கில் உட்கார்ந்து அழுதுவிட்டார். இப்போது அந்தப் பிள்ளை சனிக்கிழமை தோறும் மேசை போட்டு இருக்கிறாள். கடிதம் வாசிப்பாள், அரசாங்க உதவிப் பணத்துக்கான அஸ்வெசும படிவம் நிரப்புவாள், வங்கி அனுப்பிய குறுஞ்செய்தியை விளங்கப்படுத்துவாள். காத்திருக்கிற பெண்கள் சும்மா இருக்காமல் சஞ்சிகையைப் புரட்டுகிறார்கள், ஒருத்தி எடுத்துக்கொண்டும் போகிறாள்.

பின்லாந்தில் படிக்கிற என் மருமகன் ஹெல்சிங்கியில் 2018 இல் திறந்த ஊடி நூலகத்தின் படங்களை அனுப்பியிருந்தான். மேல் மாடியில் புத்தகம். நடு மாடியில் தையல் மெசின்கள், சனம் தங்கள் துணியைக் கொண்டுவந்து தைக்கிறது. அதைச் சனிக்கிழமைப் பெண்களுக்குக் காட்டினேன். "ரீச்சர், எங்களுக்கும் ஒன்று எடுங்கோ" என்று அன்றிலிருந்து ஒரே நச்சரிப்பு. நான் எடுக்கத்தான் போகிறேன். பழைய மெசின் ஒன்று போதும்.

கவலையும் இருக்கிறது. உதவி கேட்டு ஒரு அலுவலகத்துக்கு மூன்று தரம் போய்வந்தேன். அவர்களின் படிவத்தில் எத்தனை புத்தகம், எத்தனை அலுமாரி, எத்தனை கதிரை என்று கேட்டிருக்கிறது. எத்தனை பேர் வந்தார்கள், என்ன வேலையாக வந்தார்கள் என்று எழுத ஒரு கட்டம்கூட இல்லை. நான் ஓரத்தில் எழுதினேன். அங்கிருந்தவர் புதுப் படிவம் தந்து, ஓரத்தில் எழுதாமல் நிரப்பச் சொன்னார். வீட்டுக்கு வந்து அழுகை வந்துவிட்டது. சனிக்கிழமைப் பிள்ளைக்கு வேலை கிடைத்தால் போய்விடுவாள், அவள் போகத்தான் வேண்டும். எல்லாவற்றையும் விட, இத்தனை பேர் வந்தும் முழுக் கதைப் புத்தகம் வாசிக்கிற பிள்ளைகள் ஐந்தாறு பேருக்கு மேல் இல்லை. படிவம் நிரப்ப வந்த தாய்மார் புத்தகம் எடுக்கிற மாதிரி, பிள்ளைகளையும் எந்த வழியால் கூட்டிவருவது என்றுதான் இராப்பகலாக யோசிக்கிறேன். உனக்கு ஏதாவது தோன்றினால் எழுது. அங்கே உன் பேரப்பிள்ளைகளுக்குத் தமிழ்ப் புத்தகத்தை எப்படிப் பிடிக்க வைத்தாய்?

இனி நேற்று வந்த புத்தகம். பனங்காணிப் பக்கத்துப் பெரியவர் போன மாதம் காலமானார். மகன் வீட்டைத் துப்புரவாக்கும்போது கிடைத்த புத்தகங்களை ஒரு உரப்பையில் கட்டிக் கொண்டுவந்து, "தண்டம் இல்லை எண்டு சொன்னீங்கள்" என்று சிரித்தபடி வைத்துவிட்டுப் போனார். அவற்றில் நாலு எங்களுடையவை. ஐந்தாவதின் முதல் பக்கத்தைத் திருப்பினேன். யாழ்ப்பாணப் பொது நூலகத்தின் பழைய முத்திரை. பின்னால் திகதிச் சீட்டு, கடைசியாகக் குத்தியிருந்தது 5 யூன் 1981.

கை நடுங்கிவிட்டது, பபா.

உன் அப்பாவின் அட்டையில் நீ எடுத்த நீல மட்டைப் புத்தகம் உடனே நினைவுக்கு வந்தது. திகதி வரப்போகிறது, சனிக்கிழமையே கொண்டுபோய்க் கொடு என்று நான் உன்னை ஏசினேன். நீ சுப்பிரமணியம் பூங்கா வாங்கில் குந்திக்கொண்டு, கடைசி அத்தியாயம் மிச்சம், திங்கட்கிழமை கொடுக்கிறேன் என்று அடம்பிடித்தாய். கோபத்தில் நான் உன்னை விட்டுவிட்டு நடந்தே வீட்டுக்குப் போனேன். அன்று நீ என் சொல் கேட்டிருந்தால் அந்தப் புத்தகமும் ஞாயிறு இரவு எரிந்திருக்கும். இந்த நாற்பது வருடத்தில் இதை உனக்கு ஒருதரமும் சொல்லவில்லை. நீ கேட்காமல் விட்டது நல்லது.

அது இன்னமும் உன்னிடம் இருக்கிறதுதானே? இடம்பெயர்ந்தபோதும் கொழும்பில் இருந்தபோதும் பெட்டிக்குள் அதை நான் என் கண்ணால் கண்டேன். தையில் வரும்போது கைப்பையில் வைத்துக்கொண்டு வா, பெரிய பெட்டியில் போடாதே, அது வழியில் தவறினால் நான் தாங்கமாட்டேன். நீ வரும்வரை பெரியவரின் புத்தகத்தை என் மேசை லாச்சியில் வைத்திருக்கிறேன். பூட்டவில்லை. இரண்டையும் எடுத்துக்கொண்டு, சரஸ்வதி சிலையைத் தாண்டி, நாங்கள் இரண்டு பேரும் உள்ளே போய்த் திருப்பிக் கொடுப்போம். கடைசி அத்தியாயத்தை நீ அதற்குள் வாசித்து முடித்திருக்க வேண்டும்.

அன்புடன்,
கிளி

பி.கு: படப் புத்தகங்கள் கொண்டுவருவதென்றால் கெட்டி மட்டை போட்டதாகப் பார்த்து வாங்கு. யானைப் பக்கம் இப்போதே கிழிந்துவிட்டது.