ஒரேஞ் சங்கமும் நம்முடைய நகரசபையும்

ஆசிரியருக்கு வணக்கம்.

ஒரேஞ் சங்கம் என்ற புரட்டஸ்தாந்து அமைப்பு வட அயர்லாந்தில் நடத்தும் ஜூலை 12 ஊர்வலங்களைப் பற்றிச் சென்ற வாரம் நீங்கள் போட்ட கட்டுரையை வாசித்தேன். ஒரேஞ் சங்கம் 1690 இல் தொடங்கியது, இது கத்தோலிக்கருக்கும் புரட்டஸ்தாந்துக்காரருக்கும் இடையிலான பழைய வேதச் சண்டை, ரொறன்ரோவில் இருக்கும் நமக்கு அதில் ஒன்றுமில்லை என்று எழுதியிருந்தீர்கள். மூன்றும் சரியில்லை, கடைசியாகச் சொன்னது பெரிய பிழை.

1690 என்பது அயர்லாந்தின் பொயின் ஆற்றங்கரையில் சண்டை நடந்த ஆண்டு. ஒல்லாந்தின் ஒரேஞ் வம்சத்தில் வந்த, இங்கிலாந்தின் புரட்டஸ்தாந்து அரசர் வில்லியம், முடியிழந்த கத்தோலிக்கரான இரண்டாம் ஜேம்ஸை அங்கே தோற்கடித்தார். ஜூலை 12 ஊர்வலங்கள் கொண்டாடுவது இந்த வெற்றியைத்தான். (ஸ்பெயின், ஒஸ்திரியா என்ற இரண்டு கத்தோலிக்க அரசுகள் அப்போது வில்லியத்தின் கூட்டாளிகள், ஊர்வலப் பதாகைகளில் இதைத் தேடினாலும் கிடைக்காது.) சங்கம் பிறந்தது நூறு வருடத்துக்கு மேல் கழித்து, 1795 செப்டெம்பரில், ஆர்மா மாவட்டத்து லொக்கோல் கிராமத்துக்குப் பக்கத்தில். அந்த மாவட்டம் லினன் நெசவால் பிழைத்த, சனம் நெருங்கிய இடம். சட்டங்கள் தளர்ந்து கத்தோலிக்கர்களும் நீண்ட குத்தகைக்கு நிலம் எடுக்கலாம் என்றானதும் காணிக்கும் வேலைக்கும் போட்டி முற்றியது. டயமண்ட் என்ற சந்தியில் இரண்டு தரப்புக் கூட்டங்களும் மோதின, கத்தோலிக்கர் பலர் செத்தார்கள், வென்றவர்கள் கையோடு சங்கம் அமைத்தார்கள். அடுத்த மாதங்களில் ஆயிரக்கணக்கான கத்தோலிக்கர்கள் ஊரைவிட்டு விரட்டப்பட்டார்கள். வந்த கும்பல்கள் வீட்டுக்குள் புகுந்து தறியை உடைத்தன, தறியில் இருந்த துணியை வெட்டிப்போட்டன. வேதத்துக்காகச் சண்டை பிடிக்க வந்தவனுக்குத் தறியோடு என்ன கோபம்?

இன்னொன்றும் பாருங்கள். 1798 இல் அன்ரிம், டவுன் மாவட்டங்களில் பிரித்தானிய முடிக்கு எதிராக ஆயுதம் எடுத்தவர்களில் பெரும்பகுதி பிரெஸ்பிடேரியன்கள், அதாவது புரட்டஸ்தாந்துக்காரர்கள்தான். ஆரம்பத்தில் ஒரேஞ் சங்கத்தில் நிரம்பியிருந்தவர்கள் இன்னொரு புரட்டஸ்தாந்துப் பிரிவான ஆங்கிலிக்கன் சபையினர். இன்றைக்கு பிரித்தானியாவோடு இணைந்திருப்பதுதான் உயிர் என்று சொல்லும் இந்தச் சங்கத்தின் கிளைகள், அதாவது லொட்ஜுகள், 1800 இல் அந்த இணைப்புச் சட்டம் வந்தபோது பல இடங்களில் அதை எதிர்த்தன!

பெரிய இடத்து ஆட்கள் இதை வேண்டும்போது தூக்குவதும் வேண்டாதபோது கைவிடுவதும் தொடக்கத்திலிருந்தே உண்டு. பிரித்தானிய அரசர் நான்காம் வில்லியத்தின் தம்பி கம்பர்லாந்து பிரபு தலைவராக இருந்த காலத்தில், படைப்பிரிவுகளுக்குள்ளேயே லொட்ஜுகள் இருப்பது தெரியவந்து, நாடாளுமன்ற விசாரணை நடந்து, 1836 இல் தலைமை லொட்ஜைக் கலைக்கவேண்டி வந்தது. 1849 இல் டொலிஸ் பிரே என்ற இடத்தில் ஊர்வலக்காரர் கத்தோலிக்கர்களைச் சுட்டுக்கொன்று வீடுகளையும் எரித்தார்கள். அதற்குக் கொஞ்சம் முன்னர் அவர்களைத் தன் மாளிகைத் தோட்டத்தில் வைத்து உபசரித்தவர் ரோடன் பிரபு. அவர் நீதவான், சங்கத்திலும் பெரிய பதவிக்காரர். பிறகு நீதவான் பதவி போனது. அப்புறம் 1886 இல் அயர்லாந்துக்கு சுயாட்சி என்று பேச்சு வந்ததும், இலண்டனில் இருந்த பழமைவாதக் கட்சி அரசியல்வாதி ரண்டொல்ப் சேர்ச்சில், சீட்டாட்டத்தில் போல 'ஒரேஞ் சீட்டைத்தான் இறக்கவேண்டும்' என்று வெளிப்படையாகவே எழுதினார். சீட்டு இறங்கியது. 1905 இல், பிரித்தானியாவோடு இணைந்திருக்க விரும்பிய கட்சிக்காரரின் அல்ஸ்டர் யூனியனிஸ்ட் கவுன்ஸில் உருவானபோது சங்கத்துக்கு அதில் ஆசனங்கள், அந்தத் தொடர்பு அறுந்தது 2005 இல்தான்.

வட அயர்லாந்து தனி நிர்வாகமாக இருந்த 1921 முதல் 1972 வரை ஆறு பிரதமர்கள். ஆறு பேரும் சங்கத்து ஆட்கள். முதலாமவர் ஜேம்ஸ் கிரெய்க் 1934 இல் நாடாளுமன்றத்திலேயே எழுந்து, நான் முதலில் ஒரேஞ்காரன், அரசியல்வாதியும் எம்.பி.யும் அதற்குப் பிறகுதான் என்றார். உள்ளூராட்சித் தேர்தலில் வரி கட்டும் வீட்டுக்காரருக்கே வாக்கு என்பதால், உள்ளூராட்சி சபை வாடகைக்கு விடும் கவுன்ஸில் வீடு ஒன்றைக் கொடுப்பது வாக்கைக் கொடுப்பதற்குச் சமம். 1968 இல் கலிடன் கிராமத்தில் பிள்ளைகுட்டியோடு கத்தோலிக்கக் குடும்பங்கள் காத்திருக்க, திருமணமாகாத 19 வயதுப் புரட்டஸ்தாந்துப் பெண்ணுக்கு வீடு போனது, அங்கிருந்துதான் சிவில் உரிமைப் போராட்டம் சூடுபிடித்தது. இதையெல்லாம் விட்டுவிட்டு வேதச் சண்டை என்று ஒரு வரியில் முடித்தால் எப்படி?

சரி, ரொறன்ரோவுக்கு வருவோம். கனடாவில் தலைமை லொட்ஜை ஓகல் கோவன் என்பவர் 1830 இல் புரொக்வில்லில் தொடக்கினார். முதல் பிரதமர் ஜோன் ஏ. மக்டொனால்டும் உறுப்பினர்தான். இந்த நகரத்துக்கு 'கனடாவின் பெல்பாஸ்ட்' என்று பெயரே இருந்தது. ஏறக்குறைய நூறு வருடம் மேயர் நாற்காலியில் பெரும்பாலும் ஒரேஞ்காரரே இருந்தார்கள். பொலிஸ், தீயணைப்பு, நகரசபை உத்தியோகம் எதற்குப் போனாலும் லொட்ஜ் ஆளா என்பது முக்கியம். நியாயமாகச் சொன்னால், அரசாங்க உதவி எதுவும் இல்லாத காலத்தில் நோய் வந்தால் காசு கொடுத்தது, செத்தால் அடக்கம் செய்தது, கப்பலால் இறங்கியவனுக்கு வேலை பிடித்துக் கொடுத்தது எல்லாம் அதே லொட்ஜ்தான். நம் ஊர்ச் சங்கங்கள் செய்வது மாதிரி. ஆனால் நம் ஊர்ச் சங்கத்தின் கையில் நகரசபைச் சாவி இருந்ததில்லை, அதுதான் வித்தியாசம்.

1954 இல் மேயராக இருந்த லெஸ்லி சோண்டர்ஸ், பொயின் வெற்றியைப் புகழ்ந்து மேயரின் உத்தியோகபூர்வக் கடிதத்தாளிலேயே ஜூலை 12 செய்தி வெளியிட்டார். கத்தோலிக்கரும் மற்றவரும் கொதித்தார்கள். அந்த டிசம்பர்த் தேர்தலில் அவர் தோற்றார். வென்றவர் நேதன் பிலிப்ஸ், இந்த நகரத்தின் முதல் யூத மேயர். நகரசபைக்கு முன்னால் உள்ள, நம்மவர்களும் கொடி பிடித்துக் கூடியிருக்கிற அந்தச் சதுக்கத்துக்கு அவருடைய பெயர்தான். அத்தோடும் முடியவில்லை, கடைசி ஒரேஞ் மேயர் வில்லியம் டெனிசன் பதவியில் இருந்தது 1972 வரைக்கும்.

அடுத்த ஜூலையில் கட்டுரை போடுவதாக இருந்தால் பெல்பாஸ்ட் படத்துக்குப் பதிலாக இந்த ஊர்ப் படத்தைப் போடுங்கள். ஸ்பதைனா வீதியில் உள்ள நகர ஆவணக்காப்பகத்தில் அந்தக் காலத்து ஒரேஞ் ஊர்வலப் படங்கள் இருக்கின்றன.

இப்படிக்கு,
ஸ்காபரோ வாசகர்