மூன்று பெயர்களையும் பாடு

பாப்பாவுக்கு,

உன் சேர்ந்திசைக் குழு 'அசிம்போனாங்கா' பாடப்போகிறது என்று அம்மா சொன்னாள். சந்தோஷம். என்னிடமே கேட்டிருக்கலாம். போகட்டும். அங்கே குளிர் எப்படி?

ஜானி கிளெக்கும் சவுக்கா குழுவும் 1987-ல் வெளியிட்ட பாட்டு. தலைப்புக்கு ஜூலு மொழியில் 'அவரை நாங்கள் பார்க்கவில்லை' என்று அர்த்தம். தென்னாப்பிரிக்காவில் சிறையிலிருந்த மண்டேலாவின் படத்தை அச்சிடவே தடை இருந்த காலம். ஒரு தலைமுறைக்கு அவர் முகமே தெரியாது. முழக்கம் போலப் பாடவைக்காதே, தேடுகிற குரல் வேண்டும்.

'எஹ்லெலி' என்பதில் வரும் 'ஹ்ல' எல்லாரையும் தடுக்கும். 'ல' சொல்கிற இடத்தில் நாக்கை வைத்து, குரல் கொடுக்காமல், காற்றை மட்டும் பக்கவாட்டில் விடணும். வெறும் 'ல' ஆக்கிவிடுவார்கள், விடாதே. வாத்தியமில்லாமல் பாடினால் சில சுற்றுக்குள் சுருதி இறங்கும். அடி முடிகிற இடத்தில் கீழ்க்குரல்காரர்கள் மூச்சைத் தளர்த்துவதும் ஒரு காரணம். ஒத்திகையில் சுருதிப்பெட்டி வை. உனக்குக் காது நல்ல காது, சொல்லித் தரவேண்டியதில்லை.

பாட்டில் வருகிற மூன்று பெயர்களை மட்டும் விட்டுவிடாதே. நிறவெறி ஆட்சியை எதிர்த்து உயிர் விட்டவர்கள். ஸ்டீவ் பீகோ, 1977-ல் போலீஸ் காவலில் செத்தார். விக்டோரியா ம்க்ஸெங்கே, வழக்கறிஞர், 1985-ல் டர்பன் பக்கத்து உம்லாஸியில் வீட்டு வாசலிலேயே கொன்றார்கள். நீல் ஆகெட், டாக்டர், தொழிற்சங்கக்காரர், 1982-ல் காவலில் செத்தார், வயது 28. பீகோவுக்கும் ஆகெட்டுக்கும் 'உம்ஃபோவேத்து', எங்கள் சகோதரன். நடுவில் விக்டோரியாவுக்கு 'உடாடேவேத்து', எங்கள் சகோதரி. மூன்றுக்கும் ஒரே சொல்லைப் பாடுவதுதான் வழக்கமாக வருகிற பிழை. மண்டேலாவுக்கு 'அவர் இருக்கும் இடம்' என்று வந்தது, இவர்களுக்கு 'செத்த இடம்' என்று மாறுகிறது. அதையும் கவனி. ம்க்ஸெங்கேயில் 'க்ஸ' என்று எழுதியிருக்கிறேனே, அது கடைவாயில் எழும் சொடுக்கு, வண்டிக்காரர் மாட்டை ஓட்ட எழுப்புவாரே, அதேதான். பெயர்களை விடாதே.

பள்ளி விழாவில் நேரம் போதாதென்று அந்தப் பகுதியை வெட்டியவன் நான். பெயர் இல்லாமல் எதற்கு இந்தப் பாட்டு என்று கேட்டாய். எல்லார் முன்னாலும் உன்னை வரிசையை விட்டு வெளியே நிற்கச் சொன்னேன். நீ கேட்டதுதான் சரி. அன்றைக்கே தெரியும் எனக்கு. அதற்கப்புறம் நீ வீட்டில் பாடவேயில்லை, நானும் கேட்கவில்லை.

ஒத்திகையைப் பதிவு பண்ணி அனுப்பு. அம்மா நம்பருக்கே அனுப்பினாலும் சரி, அவள் போட்டுக் காட்டுவாள்.

அப்பா